பூஞ்சை வளர்க்கும் கறையான்: அறிந்த வரலாறும் ஒழிக்க முயன்ற வரலாறும்

கரும்புக் கரணை, நிலக்கடலை, தென்னை நாற்று, வீட்டு நிலைக்கதவு, பரணில் வைத்த ஏடு என்று கறையான் தொடாத பொருள் குறைவு. ஆயினும் தென்னிந்தியாவில் மண்புற்று எழுப்பும் கறையான்களுள் பெரும்பாலானவை மரத்தைத் தனித்துச் செரிப்பதில்லை. புற்றுக்குள் ஒரு பூஞ்சையைப் பயிரிட்டு, அதன் துணையால் வாழ்கின்றன. இந்த உண்மை எவ்வாறு வெளிப்பட்டது, கறையான் கட்டுப்பாடு அதை எந்த அளவுக்குப் பயன்படுத்தியது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

தொடக்கம்

கறையானையும் காளானையும் ஒரே இடத்தில் கண்ட பதிவு தமிழில் பழமையானது. வறியவர் வீட்டுச் சமையலறையில், சிதல் (கறையான்) அரித்த பழஞ்சுவரின் புழுதியில் காளான் பூத்திருப்பதைச் சிறுபாணாற்றுப்படை காட்டுகிறது. அது எந்தக் காளான் என்று வகைப்படுத்த இயலாது. எனினும் இரண்டையும் சேர்த்துக் கண்ட கூர்மை குறிப்பிடத்தக்கது.

அறிவியல் ஆய்வும் இதே மண்ணில்தான் தொடங்கியது. லின்னேயஸின் மாணவரான யோஹான் கெர்ஹார்ட் கோனிக், 1768இல் தரங்கம்பாடிக்கு மருத்துவராக வந்து, பின்னர் ஆர்க்காட்டு நவாபிடமும் கிழக்கிந்தியக் கம்பெனியிடமும் இயற்கையியலாளராகப் பணிபுரிந்தார். கறையானைப் பற்றிய அவருடைய கட்டுரை 1779இல் பெர்லினில் வெளியானது. புற்றறைகளில் கண்ட நுண்காளான்கள் குஞ்சுகளுக்கு உணவாகலாம் என்று அதில் அவர் கருதினார். இரண்டு ஆண்டுகள் கழித்து, மேற்கு ஆப்பிரிக்கப் புற்றுகளை ஆராய்ந்த ஹென்றி ஸ்மீத்மன், லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் இக்கருத்தைக் கோனிக்கின் பெயரோடு எடுத்துரைத்தார். புற்றின் ஒருபுறம் புகை போட்டு, மறுபுறத் துளையில் கறிவேப்பிலை தேய்த்த பானையை வைத்து நம் மக்கள் ஈசல் பிடித்த முறையும் கோனிக் வழியாகவே அக்கட்டுரையில் இடம்பெற்றது.

பேராதனையிலிருந்து பாரிஸ் வரை

அடுத்த நூற்றாண்டில் ஆய்வு இலங்கைக்கு நகர்ந்தது. இலங்கையிலிருந்து சென்ற ஒரு காளானைப் பூஞ்சையியலாளர் மைல்ஸ் பெர்க்லி 1847இல் விவரித்தார். அதன் வேர் போன்ற நீண்ட அடித்தண்டு மண்ணுக்குள் கறையான் கூடு வரை இறங்குகிறது என்பது பின்னர் தெளிவாயிற்று. பேராதனைத் தாவரவியல் பூங்காவில் பணியாற்றிய தாமஸ் பெட்ச், 1906இல் வெளியிட்ட விரிவான ஆய்வில், கூட்டினுள் வெண்மணிகளாகக் காணப்படும் பூஞ்சையையும், மழைக்குப் பின் தரைக்கு மேல் விரியும் குடைக்காளானையும், கறையான் கைவிட்ட கூட்டில் கருங்குச்சிகளாக முளைக்கும் சைலேரியா என்ற பூஞ்சையையும் ஒப்பிட்டார். 1942இல் பிரெஞ்சு ஆய்வாளர் ரோஜே ஹைம், கறையான் வளர்க்கும் காளான்களுக்கு டெர்மிட்டோமைசஸ் என்ற தனிப் பேரினத்தை வகுத்தார்.

கூட்டு வாழ்வு

பின்வந்த ஆய்வுகள் இந்த உறவின் இயக்கத்தைத் தெளிவாக்கின. முதிய வேலைக்காரக் கறையான்கள் சருகையும் மரத்துண்டையும் கொண்டுவருகின்றன. இளையவை அவற்றைப் பூஞ்சை மணிகளோடு சேர்த்து உண்டு, எச்சத்தைப் பூஞ்சை வளரும் கூட்டின் மேல் புதிய அடுக்காகப் படியவைக்கின்றன. மணிகளில் உள்ள வித்துகள் குடல்வழி வந்து அந்த அடுக்கில் முளைக்கின்றன. பூஞ்சை லிக்னினையும் செல்லுலோஸையும் சிதைத்தபின், பழுத்த அடிப்பகுதி கறையானுக்கு உணவாகிறது. புற்றுச் சமூகத்துக்கு வெளியில் அமைந்த வயிறு என்றே இக்கூட்டைச் சொல்லலாம். பராமரிப்பு நின்றால் வேற்றுப் பூஞ்சை அதைக் கைப்பற்றுகிறது. பெட்ச் கண்ட கருங்குச்சிகளின் காரணம் இதுவே.

மழைக்குப் பின் பறக்கும் ஈசல்கள் இணைந்து புதுப்புற்று தொடங்குகின்றன. பெரும்பாலான இனங்களில் அவை பூஞ்சையை உடன் எடுத்துச் செல்வதில்லை. முதல் வேலைக்காரக் கறையான்கள் வெளியே சென்று, காளான் சிந்திய வித்துகளைச் சேகரிக்கின்றன. இவ்வேளாண்மை ஆப்பிரிக்காவில் ஏறத்தாழ 3 கோடி ஆண்டுகளுக்கு முன் ஒரே முறை தோன்றியது என்று டூயர் ஆனன் குழுவினர் 2002இல் மரபணுச் சான்றால் நிறுவினர். தான்சானியாவில் கிடைத்த 2.5 கோடி ஆண்டுப் பழமையான கூட்டுப் புதைபடிவங்கள் இதற்கு வலுச் சேர்த்தன. பெங்களூரில் ஓடன்டோடெர்மஸ் ஒபேசஸ் என்ற கறையான் இனத்தின் புற்றுகளை ஆராய்ந்து 2015இல் வெளியான ஆய்வு, பகல் இரவு வெப்ப மாற்றமே புற்றினுள் காற்றோட்டத்தை இயக்குகிறது என்று காட்டியது.

இக்கறையான்கள் வறண்ட நிலத்தின் சருகை மண்ணுக்கு மீட்பவையும் ஆகும். புற்று மண்ணில் களியும் சத்தும் மிகுதி. கறையான் துளைத்த மண்ணில் மழைநீர் எளிதில் இறங்குகிறது. பர்க்கினா ஃபாசோ உழவர்கள் இறுகிய நிலத்தில் குழி தோண்டி எருவிட்டு, கறையானை வரவழைத்தே மண்ணை மீட்கின்றனர்.

கட்டுப்பாடு சென்ற பாதை

அறிவு இப்படி வளர, ஒழிப்பு முறை வேறு திசையில் சென்றது. ஆர்செனிக்கும் கிரியோசோட்டும் தொடக்கக்கால மருந்துகள். இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஆல்ட்ரின், டீல்ட்ரின், குளோர்டேன், ஹெப்டாகுளோர், பி.எச்.சி. ஆகியவை வந்தன. மண்ணில் பல ஆண்டுகள் சிதையாமல் இருப்பதே இவற்றின் வலிமையாகப் போற்றப்பட்டது. அதே தன்மை உணவிலும் உடலிலும் நஞ்சு சேரக் காரணமாயிற்று. இந்தியா ஆல்ட்ரினை 1996இலும் பி.எச்.சி.யை 1997இலும் தடைசெய்தது. 2001ஆம் ஆண்டின் ஸ்டாக்ஹோம் ஒப்பந்தம் முதல் பட்டியலிலேயே ஆல்ட்ரின், டீல்ட்ரின், குளோர்டேன், ஹெப்டாகுளோர் நான்கையும் சேர்த்தது. அவற்றின் இடத்தைக் குளோர்பைரிபாஸ், இமிடாகுளோபிரிட், ஃபிப்ரோனில் பிடித்தன. மருந்து மாறியது, கறையானை மண்ணிலேயே கொல்வது என்ற அணுகுமுறை மாறவில்லை.

புற்றை வெட்டி இராணியை எடுத்தால் போதும் என்ற நம்பிக்கையும் முழுமையானதல்ல. ஓடன்டோடெர்மஸ் பேரினத்தில் ஒரே புற்றில் பல இராணிகள் இருப்பதுண்டு. இராணியோடு பூஞ்சைக் கூடுகளையும் அகற்றினால்தான் அம்முயற்சிக்குப் பயன் உண்டு.

முடிவுரை

இவ்வரலாறு காட்டும் முடிவு ஒன்றே: கறையான் பயிரை நாடுவதற்கான காரணத்தை நீக்குவது, கறையானை அழிப்பதற்கு முன் செய்ய வேண்டிய வேலை. நன்கு மக்காத எருவையும் பழைய கட்டைகளையும் வயலில் விடக் கூடாது. நீரின்றி வாடும் பயிரையே கறையான் எளிதில் தாக்குவதால், கடும் வறட்சியில் உயிர்நீர் தர வேண்டும். வேப்பம் பிண்ணாக்கு இட வேண்டும். மருந்து தேவைப்பட்டால் வயல் முழுதும் தூவாமல், கரணை நேர்த்திக்கும் கட்டட அடித்தளத்துக்கும் மட்டும் அளவோடு பயன்படுத்த வேண்டும். வயலுக்கும் வீட்டுக்கும் கேடு செய்யாத காட்டுப் புற்றுகளையும் மேய்ச்சல் நிலப் புற்றுகளையும் இடிக்காமல் விட வேண்டும். வேளாண் பல்கலைக்கழகங்களின் பூச்சியியல் துறையும் பூஞ்சையியல் துறையும் இதில் இணைந்து ஆராய வேண்டும். ஏனெனில் நம் வயல்களில் உள்ளது பூச்சி மட்டுமல்ல. பூச்சியும் பூஞ்சையும் சேர்ந்த ஓர் உயிர்க்கூட்டு.