பெயரில் வாழும் ஊர்

பிறந்த மண்ணை விட்டுப் பெயர்ந்து செல்வோர் தம்முடன் கொண்டு செல்லும் பொருள்களுள் சுமையில்லாதது பெயர் ஒன்றே. மைசூரில் இரண்டு மூன்று தலைமுறைகளாக வாழ்ந்துவரும் தமிழ்க் குடும்பங்களில், பிள்ளையைப் பள்ளியிற் சேர்க்கும்போதும் கடவுச்சீட்டுக்கு விண்ணப்பம் எழுதும்போதும், ‘குடும்பப் பெயர் யாது?’ என்னும் வினா எழுகின்றது. தந்தை பெயரை எழுதுவதா, ஊர்ப்பெயரை எழுதுவதா, சாதிப்பெயரை எழுதுவதா எனப் பெற்றோர் மயங்குகின்றனர். இம்மயக்கம் தீர வேண்டுமாயின், தமிழர் பெயரிட்டு வழங்கிய முறையை நாம் முதற்கண் அறிதல் வேண்டும்.

இலக்கணம் காட்டும் நெறி

மக்களைக் குறிக்கும் பெயர்கள் நிலத்தாலும், குடியாலும், தொழிலாலும், உடைமையாலும், பண்பாலும் அமையும் என்பதைத் தொல்காப்பியப் பெயரியல் வகுத்துரைக்கின்றது. சோழியன் என்பதை நிலத்துக்கும், மலையமான் என்பதைக் குடிக்கும், அம்பர் கிழான் என்பதை உடைமைக்கும் உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டுவர்.

எழுத்ததிகாரம் தரும் செய்தி இன்னும் சுவையானது. தந்தை பெயரும் மகன் பெயரும் அடுத்து வருங்கால் எவ்வாறு புணரும் என்பதற்கு அங்கே விதியே உண்டு. கொற்றனுக்கு மகனாகிய கொற்றன் ‘கொற்றங்கொற்றன்’ ஆவான். சாத்தனுக்கு மகனாயின் ‘சாத்தங்கொற்றன்’ ஆவான். மகன் பெயரால் தந்தையை அழைக்கும் வழக்கும் இருந்தது. ஆதன் தந்தை ‘ஆந்தை’. பூதன் தந்தை ‘பூந்தை’. ஆகவே, தந்தை பெயரை முன்னிட்டுத் தம் பெயரைப் பின்வைக்கும் நம் முறை ஆங்கில ஆட்சியில் தோன்றியதன்று. அதற்குத் தலையெழுத்து என்னும் சுருக்க வடிவம் மட்டுமே பிற்காலத்தது.

புலவர் பெயர்கள்

சங்கப் புலவர் பெயர்களை நோக்கின் இம்முறை தெளிவாகும். மதுரை மருதன் இளநாகனார் என்பதில் ஊரும், தந்தையும், தம் பெயரும் வரிசையாக நிற்கின்றன. உறையூர் ஏணிச்சேரி முடமோசியார் என்பதில் ஊரோடு அவர் வாழ்ந்த சேரியும் இடம்பெறுகின்றது. மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் என்னும் பெயர் நமக்கு மிக நெருக்கமானது. சீத்தலை அவர் பிறந்த ஊர் என்றும், மதுரை அவர் கூல வாணிகம் செய்து வாழ்ந்த நகர் என்றும் கூறுவர். பிழைக்க வந்த ஊரையும் பிறந்த ஊரையும் ஒருங்கே தாங்கிய பெயர் அது.

கல்லிலும் இதே நெறியைக் காண்கிறோம். தஞ்சைப் பெரிய கோயிற் பணிக்கு முதலாம் இராசராசன் அமர்த்திய நானூறு தளிச்சேரிப் பெண்டிரின் பெயர்கள், அவரவர் வந்த ஊரும் கோயிலும், குடியிருந்த தெருவும் குறிக்கப்பெற்றுக் கல்வெட்டில் நிலைபெற்றுள்ளன. அரசியர் பெயரே அருகிக் காணப்படும் பழைய ஆவணங்களிடையே, ஆடல் மகளிர் நானூற்றுவர் பெயர் நிலைத்தது அவ்வாறு முழுமையாக எழுதி வைத்தமையால் அன்றோ! தமிழ்க் கல்வெட்டுகளின் மைப்படிகளைப் பல்லாண்டுகள் பேணிக் காத்த நடுவண் அரசின் கல்வெட்டியல் அலுவலகம் நம் மைசூரிலேயே உள்ளது என்பதும் ஈண்டு நினையத்தக்கது.

மைசூரில் தமிழர் பெயர்கள்

தலையாலங்கானத்துப் போரிற் பாண்டியன் நெடுஞ்செழியனை எதிர்த்த எழுவருள் எருமையூரன் ஒருவன் என அகநானூறு கூறுகின்றது. அவ்வெருமையூர் இன்றைய மைசூரே எனக் கருதும் அறிஞர் உளர். 2014ஆம் ஆண்டு நவம்பர் 1ஆம் நாள் முதல் இந்நகர் அரசு வழக்கிலும் மைசூரு ஆயிற்று. ஊரின் பெயருக்கே இத்தனை வரலாறு இருக்குமாயின், அங்கு வந்து வாழ்ந்தோர் பெயர்க்கு இல்லாமற் போகுமோ?

1881 முதல் 1883 வரை மைசூர்த் திவானாக இருந்த சி. வி. ரங்காச்சார்லு செங்கற்பட்டுப் பகுதியிலிருந்து வந்தவர். அவர் பெயரின் முதலெழுத்து செட்டிபுண்ணியம் என்னும் சிற்றூரை உள்ளடக்கியது. நகர மன்றத்தைக் கடந்து செல்வோர் அவர் பெயரைப் படிக்கின்றனர். அவ்வூரை அறிந்தவர் எத்துணையர்? அவருக்குப்பின் 1901 வரை திவானாக விளங்கிய கே. சேஷாத்ரி ஐயரின் முதலெழுத்து, பாலக்காட்டைச் சார்ந்த குமாரபுரத்தைக் குறிப்பது.

யாதவகிரியில் வாழ்ந்த ஆங்கில எழுத்தாளர் ஆர். கே. நாராயணின் முழுப்பெயர் இராசிபுரம் கிருஷ்ணசாமி நாராயணசாமி. 1935இல் அவருடைய முதல் நாவல் வெளிவந்தபோது, ஆங்கில எழுத்தாளர் கிரகாம் கிரீனின் கருத்துப்படி அப்பெயர் சுருங்கியது. 1929இல் மைசூரிற் பிறந்து, குறுந்தொகைப் பாடல்களை ஆங்கிலத்தில் தந்த ஏ. கே. இராமானுஜன், அத்திப்பட்டு கிருஷ்ணசாமி இராமானுஜன் ஆவார். சிகாகோவிற் பேராசிரியராக இருந்தபோது, தமக்கெனப் பெற்றோர் இட்ட பெயரே அங்குக் குடும்பப் பெயராக நின்றது.

இம்முறை நமக்கு மட்டும் உரியதன்று. மைசூரில் வாழ்ந்த கன்னடப் பெருங்கவிஞர் குவெம்பு, குப்பளி வெங்கடப்ப புட்டப்ப ஆவார். ஊர், தந்தை, தம் பெயர் என்னும் அதே வரிசையை இங்கும் காண்கிறோம். மதுரை மருதன் இளநாகனாரும் குப்பளி வெங்கடப்ப புட்டப்பரும் பெயரமைப்பில் உறவினர் எனலாம். அண்டை வீட்டாரோடு நம்மைப் பிணைக்கும் இழைகளுள் இதுவும் ஒன்று.

விட்டதும் கொண்டதும்

பெயரின் பின்னே சாதிப்பட்டம் ஒட்டிக்கொண்ட காலமும் உண்டு. 1929இல் செங்கற்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாடு அப்பட்டங்களைக் கைவிடுமாறு தீர்மானித்தது. அதனால் தமிழர் பெயர் தந்தையின் தலையெழுத்தோடு நின்றது. அயலிடத்து விண்ணப்பத்தை நிரப்புவதற்காக, விட்ட பட்டத்தை மீண்டும் தேடி எடுத்தல் வேண்டா என்பதே எம் கருத்து.

ஆயினும் தலையெழுத்துக்கும் ஒரு குறை உண்டு. தந்தையின் எழுத்து ஒரு தலைமுறையோடு மாறிவிடும். தாயின் பெயர் அதில் இடம்பெறுதல் அரிது. ‘டி.’ என்னும் எழுத்துள் திருவையாறு உள்ளதா, தஞ்சாவூர் உள்ளதா, தியாகராசன் உள்ளாரா என்பதைப் பேரப்பிள்ளைகள் அறியார். முன்னோர் இக்குறைக்கும் ஒரு வழி கண்டனர். பாட்டன் பெயரைத் தாங்குபவன் பெயரன். பாட்டி பெயரைத் தாங்குபவள் பெயர்த்தி. பேரன், பேத்தி என நாம் வழங்கும் சொற்கள் இவற்றின் மரூஉக்களே. ஒரு தலைமுறை மறைந்த பெயர் அடுத்த தலைமுறையில் மீண்டது.

எண்கணிதம் பார்த்தும், ஓசை நயம் கருதியும் பெயரிடும் இந்நாளில் அவ்வழியும் அடைபட்டு வருகின்றது. குழந்தைக்கு எப்பெயர் இடுவது என்பது பெற்றோர் உரிமை; அதில் நாம் தலையிடற்கில்லை. எனினும், ஒவ்வோர் இல்லத்திலும் ஒரு குறிப்பேடு வைத்து, ஊர்ப்பெயர், பாட்டன் பாட்டியர் இருவழிப் பெயர், தாயின் பெயர், ஒவ்வொரு தலையெழுத்தின் விரிவு ஆகியவற்றைத் தமிழிலும் கன்னடத்திலும் முழுமையாக எழுதி வைத்தல் அரிய செயலன்று. விவரம் அறிந்த முதியோர் நம்மிடையே இருக்கும்பொழுதே அவர்களைக் கேட்டு எழுதுதல் வேண்டும். பொங்கல் விடுமுறைக்கு உறவினர் கூடும் நாளிலேயே இப்பணியை நாம் தொடங்குவோமாக.