உணவுத் துறைக்கு வந்த பொள்ளாச்சிக்காரர்

1954-ல் ராஜாஜி முதல்வர் பதவியிலிருந்து விலகினார். காங்கிரஸ் சட்டமன்றக் கட்சித் தலைவர் பதவிக்கு ராஜாஜியின் ஆதரவோடு நின்றவர் சி.சுப்பிரமணியம். எதிரே காமராஜர். வாக்குகளை எண்ணினார்கள்: காமராஜருக்கு 93, சி.எஸ்.ஸுக்கு 41.

போட்டியிட்டுத் தோற்றவரை ஒதுக்கிவைப்பதுதான் அரசியலில் நாம் அதிகம் கண்டது. காமராஜரோ அவரை அமைச்சரவையில் சேர்த்து, நிதியையும் கல்வியையும் ஒப்படைத்தார். முந்தைய ஆட்சியில் தான் ஆதரித்து வாதாடிய கல்வித் திட்டத்தைக் கைவிடுவதாக மே மாதம் அறிவித்தவரும் சி.எஸ்.தான். கசப்பான வேலைதான், செய்தார். பிறகு மதிய உணவும் இலவசக் கல்வியும் பரவிய ஆண்டுகளில், நெ.து.சுந்தரவடிவேலு போன்ற கல்வி அதிகாரிகளின் யோசனைகளைக் கேட்டு, அவற்றுக்குப் பணம் தேடித் தந்தார். துறை தெரிந்தவரிடம் கேட்பது, முடிவுக்குத் தானே பதில் சொல்வது என்ற அவருடைய பழக்கம் கோட்டையில் உருவானது என்றே நான் நினைக்கிறேன்.

1962-ல் பொள்ளாச்சியிலிருந்து மக்களவைக்குப் போனார். நேரு உருக்குத் துறையைக் கொடுத்தார். 1964-ல் பிரதமரான லால் பகதூர் சாஸ்திரி, அவரை உணவு, வேளாண்மைத் துறைக்கு மாற்றினார். மூத்தவர்கள் தொடத் தயங்கிய துறை அது. அமெரிக்காவின் பி.எல்.480 உணவு உதவித் திட்டக் கோதுமையை ஏற்றிவரும் கப்பலை எதிர்பார்த்துத்தான் நகரங்களின் ரேஷன் கடைகள் ஓடிக்கொண்டிருந்தன.

சி.எஸ். கேட்ட முதல் கேள்வி எளிமையானது: விளைவிப்பவனுக்கு லாபம் இல்லாவிட்டால் எதற்காக அதிகம் விளைவிப்பான்? அதற்கு விடையாக 1965-ல் இந்திய உணவுக் கழகமும் விவசாய விலை ஆணையமும் வந்தன. வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தின் தலைமைக்கு முதல்முறையாக ஒரு விஞ்ஞானி, பி.பி.பால், கொண்டுவரப்பட்டார். அந்த ஆண்டு பிப்ரவரியில், இந்தித் திணிப்பை எதிர்த்துத் தமிழகம் கொந்தளித்தபோது, சி.எஸ்.ஸும் ஓ.வி.அளகேசனும் பதவி விலகல் கடிதம் கொடுத்தார்கள். குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன் ஏற்கவில்லை. ஏற்றிருந்தால் அடுத்து நடந்தவை யார் கையில் போயிருக்குமோ!

வேளாண் விஞ்ஞானி எம்.எஸ்.சுவாமிநாதனும் அவருடைய சகாக்களும் மெக்சிகோவின் குட்டைரகக் கோதுமையைச் சோதித்துவைத்திருந்தார்கள். உரத்தைத் தாங்கும், கதிர் கனத்தாலும் சாயாது. ஆனால் உரத்துக்கு அந்நியச் செலாவணி வேண்டும், நிதியமைச்சர் டி.டி.கிருஷ்ணமாச்சாரி கடுமையாக எதிர்த்தார். அமெரிக்காவுக்கு அடிபணிவதாக இடதுசாரிகள் நாடாளுமன்றத்தில் சாடினார்கள். பணக்கார விவசாயிதான் பயனடைவான் என்ற வாதமும் எழுந்தது. அதில் உண்மை இருந்ததைப் பின்னாளில் பார்த்தோம். சி.எஸ். தன் டெல்லி பங்களாவின் புல்வெளியை உழுது அந்தக் கோதுமையை விதைத்தார். விவசாயிகளின் சொந்த நிலத்திலேயே மாதிரி வயல்கள் போடச் சொன்னார். அண்டை வயலில் கண்ணால் பார்த்ததைத்தான் குடியானவன் நம்புவான் என்பது பொள்ளாச்சி அருகே செங்குட்டைப்பாளையத்தில், விவசாயக் குடும்பத்தில் பிறந்தவருக்குத் தெரியாதா?

1965-ல் மழை பொய்த்தது. 8.9 கோடி டன்னாக இருந்த தானிய விளைச்சல் 7.2 கோடிக்கு விழுந்தது. 1966-ல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் விதை வாங்க முடிவெடுத்தார்கள். அதுவரை எந்த நாடும் அவ்வளவு விதையை ஒரே நேரத்தில் இறக்குமதி செய்ததில்லை. அது முளைக்காமல் போயிருந்தால் பழி விஞ்ஞானிகள்மீது விழுந்திருக்காது, அமைச்சர்மீதுதான் விழுந்திருக்கும். அந்தத் துணிச்சலுக்காகவே இவரை நான் பெரிதாக மதிக்கிறேன்.

1967 தேர்தலில், மொழிப் போரின் சூடும் அரிசிப் பஞ்சமும் சேர்ந்து தமிழகத்தில் காங்கிரஸை வீழ்த்தின. கப்பலையே நம்பியிருந்த நாட்டை மாற்றப் பாடுபட்ட உணவு அமைச்சரும் தோற்றார். அடுத்த ஆண்டு அறுவடையில் கோதுமை சுமார் 1.65 கோடி டன். அதற்கு முந்தைய உச்சம் 1.2 கோடிதான். 1968-ல் அரசு 'கோதுமைப் புரட்சி' தபால்தலை வெளியிட்டபோது அவர் அமைச்சரவையிலும் இல்லை, மக்களவையிலும் இல்லை.

1971-ல் கிருஷ்ணகிரி அவரைத் திரும்ப டெல்லிக்கு அனுப்பியது. 1974-ல் நிதியமைச்சரானார், நெருக்கடி நிலைக் காலம் முழுவதும் அந்தப் பதவியில் நீடித்தார். வயலில் அவ்வளவு துணிந்தவர், அந்த மாதங்களில் ஏன் அமைதி காத்தார்? அடுத்த வாரம் அதைப் பார்ப்போம்.