மாஞ்சோலையும் கெஜட்டும்

மாஞ்சோலையைப் பற்றி எழுதுகிறவர்கள் மணிமுத்தாறு அணையில் தொடங்கி, கொண்டை ஊசி வளைவுகளில் ஏறி, பனியில் போய் நிற்பார்கள். எனக்கு அந்த மலை என்றாலே காகிதம்தான் ஞாபகம் வரும். அரசு அலுவலகத்தில் ஃபைல்களோடு காலம் தள்ளியவனுக்கு வேறென்ன தோன்றும்!

1929-ல் சிங்கம்பட்டி ஜமீன் தன் காட்டில் சுமார் 8,374 ஏக்கரை பாம்பே பர்மா டிரேடிங் கார்ப்பரேஷனுக்கு 99 வருடக் குத்தகைக்குக் கொடுத்தது. காடு திருத்தித் தேயிலை வைத்தார்கள். மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என்று லயன் வீடுகள் எழுந்தன. பிறகு ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது. 1952-ல் சிங்கம்பட்டி அரசின் கைக்குப் போனது. ஆனால் குத்தகை அசையவில்லை.

"ஜமீனே போன பிறகு ஜமீன் எழுதிக் கொடுத்தது எப்படி நிக்கும்?" என்று கல்லிடைக்குறிச்சி டீக்கடைகளில் கேட்காதவர் கிடையாது. ஆளுக்கொரு பதில் சொல்வார்கள். உண்மையான பதில் அந்தச் சட்டத்தின் 20-ஆவது பிரிவில் இருக்கிறது. ஜமீன்தார் முன்பே கொடுத்த குத்தகை, காட்டின் மீதானதாக இருந்தாலும், பொதுவாகச் செல்லும். ஜமீன்தார் இருந்த இடத்தில் இனி அரசு இருக்கும். அவ்வளவுதான். ஒரு மலையின் தலையெழுத்து ஒரு பத்திக்குள் அடங்கிவிட்டது.

அந்தப் பத்தியை மலையில் இருந்தவர்கள் எங்கே போய்ப் படிப்பது? அப்போது கெஜட் ஆங்கிலத்தில் வரும். கலெக்டர் ஆபீசிலும் கோர்ட்டிலும் கட்டுக் கட்டாகக் கிடக்கும். கொழுந்து பறிக்கிறவர் ஒருநாள் கூலியை விட்டுவிட்டு மலையிறங்கி வந்து கேட்டால், எந்த குமாஸ்தா எடுத்துக் கொடுத்திருப்பார்?

சட்டம் தெரியாது என்று யாரும் தப்ப முடியாது என்பார்கள். அதற்கும் ஒரு நிபந்தனை உண்டு என்று 1951-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஜெய்ப்பூர் சமஸ்தானத்தில் அபின் வைத்திருந்ததற்காகத் தண்டிக்கப்பட்ட ஹர்லா என்பவரின் வழக்கு அது. ஊருக்கு அறிவிக்காமலே போட்ட சட்டம் செல்லாது என்று அவரை விடுவித்தார்கள். அதே 1951-ல்தான் தோட்டத் தொழிலாளர் சட்டமும் வந்தது. 2025 வரை நடப்பில் இருந்த அதன் 15-ஆவது பிரிவு, தொழிலாளிக்கு வீடு கொடுப்பது நிர்வாகத்தின் கடமை என்றது. நல்ல பிரிவுதான். ஆனால் வேலை இருக்கும்வரைதான் வீடு என்ற சங்கடமும் அதற்குள்ளேயே இருந்தது. 2024-ல் விருப்ப ஓய்வு என்று சொல்லிக் கம்பெனி கணக்கை முடித்தபோது, தலைமுறை தலைமுறையாக அங்கேயே பிறந்து வளர்ந்தவர்களுக்கு அது உறைத்தது.

இப்போது இவற்றைப் படிக்க யாருடைய தயவும் வேண்டாம். 2000-ஆம் வருடத் தகவல் தொழில்நுட்பச் சட்டம் மின்னணு அரசிதழையும் கெஜட்டாக ஏற்றது. மத்திய அரசு 2015 அக்டோபரிலிருந்து கெஜட்டை அச்சடிப்பதையே நிறுத்திவிட்டது. சட்டங்களுக்கு இந்தியா கோட் தளம். தமிழ்நாடு அரசிதழுக்கு எழுதுபொருள் மற்றும் அச்சுத்துறையின் தளம். புதன்கிழமைதோறும் வழக்கமான இதழ், அவசரமென்றால் சிறப்பு வெளியீடு. எல்லாம் இலவசம். செல்போனிலேயே இறக்கிக்கொள்ளலாம்.

தேடுவதில்தான் சூட்சுமம். ஜமீன் ஒழிப்புச் சட்டம் பிறந்தபோது அதன் பெயரில் மெட்ராஸ் இருந்தது. மாநிலத்தின் பெயர் மாறியதும் தமிழ்நாடு ஆகிவிட்டது. பெயரை வைத்துத் தேடினால் சுற்ற விடும். 1948-ன் 26-ஆவது சட்டம் என்ற எண் மட்டும் மாறவில்லை. பழைய இதழ்கள் பல வெறும் படமாக ஏற்றப்பட்டவை, அதற்குள் சொல்லைத் தேட முடியாது. ஆகவே எண், வருடம், தேதி இவைதான் கை கொடுக்கும். அரசாணை என்றால் எண்ணோடு அடைப்புக்குறிக்குள் இருப்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். (நிலை) வேறு, (வாலாயம்) வேறு. ஒரே எண்ணில் இரண்டும் இருக்கும்.

குத்தகை 2028 பிப்ரவரியில் முடிகிறது. காடு சம்பந்தமான ஆணைகளை வனத்துறைத் தலைப்பில் தேடுங்கள். கீழே வந்தவர்களின் பட்டா விஷயம் வருவாய்த் துறையில் இருக்கும். பேரப்பிள்ளைகள் பக்கத்தில் இருந்தால் பத்து நிமிட வேலை.