பதுங்குகுழிக்குள் ஒரு கோமாளி

மெல்லிய இரண்டு மரப்பட்டைகளை ஒன்றாகக் கட்டி அடித்தால் சத்தம் பெரிதாகக் கேட்கும், வலி குறைவு. இத்தாலிய நாடகக் கோமாளிகள் வைத்திருந்த அந்தக் கோலின் ஆங்கிலப் பெயர்தான் ‘ஸ்லாப்ஸ்டிக்’. விழுதல், உதைத்தல், துரத்தல் என்று உடலால் சிரிப்பூட்டும் நகைச்சுவைக்கும் பின்னர் அதுவே பெயராயிற்று.

சினிமா பிறந்தபோதே இதுவும் கூட வந்தது. 1895 டிசெம்பர் 28 அன்று பரிஸில் லூமியர் சகோதரர்கள் கட்டணம் பெற்றுக் காட்டிய பத்துப் படங்களில் ஒன்றில், தோட்டக்காரனின் தண்ணீர்க் குழாயை ஒரு பையன் மிதிக்கிறான். தோட்டக்காரன் குழாயின் வாயைப் பார்க்கக் குனிய, பையன் காலை எடுக்கிறான். ஒரு நிமிடமும் இல்லாத படம். 1912 இல் மக் செனற் தொடங்கிய கீஸ்டோன் நிறுவனம் இதையே தொழிலாக்கியது. சார்லி சாப்ளின் 1914 இல் அங்கிருந்துதான் திரைக்கு வந்தார்.

அவரது ‘ஷோல்டர் ஆர்ம்ஸ்’ முதலாம் உலகப்போர் முடிய மூன்று வாரங்கள் இருக்கையில், 1918 ஒக்டோபர் 20 அன்று வெளியானது. முக்கால் மணிநேரத்துக்கும் குறைவான படம். சாப்ளின் படையில் சேரவில்லை என்று பிரித்தானியப் பத்திரிகைகள் ஏற்கெனவே ஏசிக்கொண்டிருந்தன. இந்த நேரத்தில் போரைக் கேலி செய்வது ஆபத்து என்று இயக்குநர் சிசில் பி. டிமில் எச்சரித்ததைச் சாப்ளினே சுயசரிதையில் சொல்கிறார். ஆனால் படையினருக்கு அது மிகவும் பிடித்துப்போனது என்றும் எழுதுகிறார்.

காரணம் ஊகிக்கக்கூடியதே. படம் சிரிப்பது இறப்பவர்களைப் பார்த்தல்ல, அங்கே வாழவேண்டிய நிலையைப் பார்த்து. பதுங்குகுழிக்குள் வெள்ளம் ஏறிவிடுகிறது. சார்லி நனைந்த தலையணையைத் தட்டிச் சரிசெய்து, தண்ணீருக்குள்ளேயே படுத்து, கிராமபோன் குழலால் மூச்சுவிடுகிறான். மழைவெள்ளம் ஏறிய பங்கருக்குள் இரவைக் கழித்தவர்கள் இந்த இடத்தை வேறுமாதிரித்தான் பார்ப்பார்கள். பியர் போத்தலைத் திறக்க அதைக் குழிக்கு மேலே தூக்கிப் பிடிக்கிறான். எதிரியின் சன்னம் கழுத்தை உடைத்துக் கொடுக்கிறது.

கடைசியில் அவன் ஜேர்மன் கெய்சரையே பிடித்துவரும் பகுதி அவ்வளவு வலுவானதல்ல, வழமையான வீரக்கதை. அதுவும் பயிற்சி முகாமில் கண்ட கனவாகவே முடிகிறது.

எனக்குப் பெரிதாகப் படுவது தபால் வரும் காட்சி. எல்லோருக்கும் கடிதம், சார்லிக்கு மட்டும் இல்லை. இன்னொருவன் கடிதம் வாசிக்க, பின்னால் நின்று தோளுக்கு மேலால் இவனும் வாசிக்கிறான். அவன் சிரித்தால் இவனும் சிரிக்கிறான், அவன் முகம் வாடினால் இவன் முகமும் வாடுகிறது. அவன் திரும்பிப் பார்த்துவிட்டு விலகிப் போகிறான். பிறகு ஒருவழியாகச் சார்லிக்கும் ஒரு பொதி வருகிறது. உள்ளே நாற்றம் தாங்கமுடியாத சீஸ். நச்சுவாயு முகமூடியை மாட்டிக்கொண்டு அதை எதிரியின் குழிக்குள் எறிகிறான். அது நேரே போய் ஜேர்மன் அதிகாரியின் முகத்தில் அப்புகிறது.