நேதாஜியின் மேடையும் கெம்பெய்தாயின் வாசலும்: சிங்கப்பூரில் ஒரு யுத்தகால நடை

சிங்கப்பூருக்குச் செல்லும் எம்மவர்களில் அனேகர் சிராங்கூன் வீதியிலும் கடைத்தொகுதிகளிலும் நேரத்தைச் செலவிட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அதே நகரின் மத்தியில், வழிகாட்டி ஒருவரின் பின்னால் நான்கைந்து மணித்தியாலங்கள் நடந்தால், 1942 பெப்ரவரி 15 தொடக்கம் 1945 செப்டெம்பர் வரை அந்தத் தீவு அனுபவித்த இருண்ட காலத்தின் சுவடுகளை ஒவ்வொன்றாகக் காண முடியும். நான் சென்ற குழுவில் அவுஸ்திரேலியர்களும் பிரித்தானியர்களுமே அதிகம். பாட்டன்மார் கைதிகளாக இருந்த இடங்களைப் பார்க்க வந்தவர்கள். தமிழன் என்று நான் மாத்திரமே இருந்தேன். இத்தனைக்கும், அந்த வழியில் பாதிக்கு மேற்பட்ட இடங்கள் எமது வரலாற்றுடனும் சம்பந்தப்பட்டவை.

நடை ஃபோர்ட் கனிங் குன்றில் ஆரம்பமாகிறது. அங்கே நிலத்துக்குக் கீழே ஒன்பது மீற்றர் ஆழத்தில் அமைந்திருக்கிறது பிரித்தானியப் படைகளின் பதுங்குகுழித் தலைமையகம். தாழ்ந்த கூரையும் புழுக்கமுமாக உள்ள அந்தச் சிறிய அறைகளில் ஒன்றில்தான் 1942 பெப்ரவரி 15 காலை லெப்டினன்ட் ஜெனரல் பேர்சிவல் தனது தளபதிகளுடன் கூடி, சரணடைவதென்று முடிவெடுத்தார். நீர்த்தேக்கங்கள் ஜப்பானியர் வசமாகிவிட்டன. குண்டுவீச்சினால் உடைந்த குழாய்களில் இருந்து எஞ்சிய நீரும் வீணாகிக்கொண்டிருந்தது. அன்று மாலை புக்கிட் தீமாவில் உள்ள ஃபோர்ட் மோட்டார் தொழிற்சாலையில் ஜெனரல் யமாஷிதா முன்னிலையில் பேர்சிவல் கைச்சாத்திட்டார். சரணடைந்தவர்கள் ஏறத்தாழ 85,000 பேர். தாக்கிய படையோ எண்ணிக்கையில் அதைவிடக் குறைவானது. சீனர்களுக்கு அன்று புத்தாண்டு தினம்.

சரணடைந்தவர்களில் ஏறத்தாழ 45,000 பேர் இந்தியச் சிப்பாய்கள். இரண்டு நாட்கள் கழித்து, பெப்ரவரி 17, ஃபாரர் பார்க் மைதானத்தில் அவர்கள் தனியாகக் கூட்டப்பட்டு ஜப்பானிய மேஜர் ஃபுஜிவாராவிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். அவர் அவர்களை கப்டன் மோகன் சிங்கிடம் ஒப்படைத்தார். இந்திய தேசிய இராணுவத்தின் தொடக்கம் அது. பலர் சேர்ந்தார்கள். மறுத்தவர்களும் பலர், அவர்களில் ஒரு பகுதியினர் கூலிகளாக நியூ கினிக்குக் கப்பலேற்றப்பட்டு அங்கே மடிந்தார்கள். எமது மேடைகளில் முதல் கூட்டத்தினரைப் பற்றிப் பேசிய அளவுக்கு இரண்டாவது கூட்டத்தினரைப் பற்றி யாரும் பேசி நான் கேட்டதில்லை.

குன்றில் இருந்து இறங்கினால் டோபி காட். ஒரு காலத்தில் இந்தியச் சலவைத் தொழிலாளர்கள் ஓடையில் துணி வெளுத்த இடம் என்பதால் ஏற்பட்ட பெயர். அங்கே நிற்கிறது கத்தே கட்டிடம். 1939 இல் திறக்கப்பட்டபோது சிங்கப்பூரின் முதலாவது வானளாவிக் கட்டிடம் என்று பெயர் பெற்றது. இன்று எஞ்சியிருப்பது முகப்பு மாத்திரமே. 2003 இல் அது தேசிய நினைவுச் சின்னமாகப் பிரகடனம் செய்யப்பட, பின்புறம் இடித்துப் புதிதாகக் கட்டப்பட்டது.

இந்த முகப்பின் முன்னால் நின்றுகொண்டு வழிகாட்டி முதலில் சொன்னது கம்பத்தில் தொங்கிய தலையைப் பற்றி. கொள்ளையடித்தவர்கள் என்று குற்றஞ்சாட்டித் தலைகளைத் துண்டித்து மக்களின் பார்வைக்கு வைத்தார்கள் ஜப்பானியர்கள். கத்தே கட்டிடத்தின் வெளியே அத்தகையதொரு தலையைக் கண்டதைப் பின்னாளில் சிங்கப்பூரின் முதலாவது பிரதமரான லீ குவான் யூ தனது நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். அதே கட்டிடத்தில் இயங்கிய ஜப்பானியப் பிரசாரத் திணைக்களத்தில், நேச நாடுகளின் செய்திகளைச் செவிமடுத்துச் சீர்செய்து எழுதும் வேலையையும் பிறகு அவர் செய்தார். இளைஞருக்குப் பிழைப்பு வேண்டியிருந்தது. (எமது தொழிலுக்கும் அப்போது இதே நிலைதான். பழைய ஆங்கில நாளிதழின் இடத்தில், அதன் அச்சகத்திலேயே, 'சியோனான் டைம்ஸ்' வெளிவரத் தொடங்க ஒரு வாரம்கூட ஆகவில்லை.)

இனி அதே முகப்பின் அடுத்த கதை. 1943 ஜூலை 4 இந்தக் கட்டிடத்தின் திரையரங்கில்தான் ராஷ் பிஹாரி போஸிடம் இருந்து இந்திய சுதந்திர லீக்கின் தலைமையைச் சுபாஷ் சந்திரபோஸ் ஏற்றார். மறுநாள் படாங் மைதானத்தில் படையினரின் அணிவகுப்பைப் பார்வையிட்டு 'டில்லி சலோ' என்று முழங்கினார். ஒக்டோபர் 21 மீண்டும் இதே கத்தே அரங்கில் சுதந்திர இந்தியாவின் தற்காலிக அரசாங்கத்தைப் பிரகடனம் செய்தார். அங்கிருந்து சில நிமிட நடைத்தூரத்தில், வாட்டர்லூ வீதியில், மறுதினமே ஜான்சி ராணிப் படையணியின் பயிற்சி முகாம் திறக்கப்பட்டது. தலைவி சென்னையில் பிறந்து சிங்கப்பூரில் மருத்துவராக இருந்த டொக்டர் லக்ஷ்மி சுவாமிநாதன். அதில் சேர்ந்த பெண்களில் பெருந்தொகையினர் மலாயாவின் றப்பர் தோட்டங்களில் பிறந்து இந்தியாவைக் கண்ணாலும் கண்டிராத தமிழ்ப் பெண்கள். துரையின் முன்னால் தலைநிமிரக் கூடாது என்று வளர்க்கப்பட்டவர்கள் துப்பாக்கி ஏந்தினார்கள். அதன் பெறுமதியைக் குறைத்து மதிப்பிட முடியாது.

ஆனால், அவர்கள் பயிற்சி பெற்ற அதே ஒக்டோபர் மாதத்தில் ஓச்சர்ட் வீதி முனையில் என்ன நடந்துகொண்டிருந்தது? கத்தேயில் இருந்து வீதியைக் கடந்தால் வை.எம்.சி.ஏ. கட்டிடம் இருந்த இடம். பழைய சிவப்புச் செங்கற் கட்டிடம் 1981 இல் இடிக்கப்பட்டுவிட்டது. இப்போது ஒரு நினைவுப் பலகை இருக்கிறது. ஜப்பானிய இராணுவப் பொலிஸாரான கெம்பெய்தாயின் கிழக்கு மாவட்டத் தலைமையகம் அது. 1943 செப்டெம்பர் இறுதியில் துறைமுகத்தில் நேச நாட்டுக் கொமாண்டோக்கள் கப்பல்களைக் குண்டுவைத்துத் தகர்த்தார்கள். சிறையில் இருந்த ஐரோப்பியச் சிவிலியன்கள்தான் அதற்குத் தகவல் கொடுத்தார்கள் என்ற தவறான சந்தேகத்தில் ஒக்டோபர் 10 தொடக்கம் 57 பேர் பிடிக்கப்பட்டுச் சித்திரவதைக்குள்ளானார்கள். பதினைந்து பேர் இறந்தார்கள். அவ்வாறு பிடிபட்டவர்களில் ஒருவர் எலிசபெத் சோய் என்ற ஆசிரியை. கைதிகளுக்குப் பணமும் உணவும் மருந்தும் கடத்திக்கொடுத்த அவர் ஏறத்தாழ 200 நாட்களை அந்தக் கட்டிடத்தின் கூண்டில் கழித்தார். உயிர் தப்பிப் பின்னர் சட்டசபை உறுப்பினராகி, 2006 இல் காலமானார்.

அரங்கில் கரகோஷம் எழுந்த நாட்களில் எதிர்ப்புறத்தில் அலறல். இரண்டுக்கும் இடையில் ஒரு வீதிதான். நேதாஜியைப் பற்றிச் சிறுவயதில் இருந்து எவ்வளவோ வாசித்திருக்கிறேன். எனினும், இந்த இரு இடங்களையும் கால்களால் அளந்து பார்க்கும்வரை அவை அயலவை என்பது எனக்குத் தெரியாது. தமிழில் எழுதப்பட்ட நூல்களில் கத்தே அரங்கு தனியாக, அயலே இல்லாத கட்டிடமாக நிற்கிறது.

சைனாடவுனில் ஹொங் லிம் தொடர்மாடிகளின் அருகே இன்னொரு பலகை. 1942 பெப்ரவரி 18 தொடக்கம் மார்ச் 4 வரை நடந்த 'சூக் சிங்' என்ற களையெடுப்பின் சோதனை நிலையங்களில் ஒன்று அங்கே இருந்தது. 18 வயதுக்கும் 50 வயதுக்கும் இடைப்பட்ட சீன ஆண்கள் சோறு தண்ணீரின்றி வீதிகளில் அடைத்து வைக்கப்பட்டார்கள். யாரைத் தெரிவு செய்வது என்பதற்கு ஒழுங்கான விதி எதுவும் கிடையாது. முகமூடி அணிந்த தகவலாளியின் ஒரு தலையசைப்புப் போதும். தப்பியவர்களின் கையிலோ சட்டையிலோ 'பரிசோதிக்கப்பட்டது' என்று முத்திரை குத்தப்பட்டது. மற்றவர்கள் லொறிகளில் சாங்கி, புங்கோல், சிக்லாப் கடற்கரைகளுக்குக் கொண்டுசெல்லப்பட்டுச் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். ஜப்பானியத் தரப்பு ஒப்புக்கொண்ட தொகை சுமார் 5,000. சீனச் சமூகம் கூறுவது 50,000 வரை. 1947 இல் நடந்த விசாரணையில் ஏழு அதிகாரிகள் குற்றவாளிகளாகக் காணப்பட்டு இருவர் மாத்திரம் தூக்கிலிடப்பட்டார்கள். 1962 இல் சிக்லாப்பில் எலும்புக் குவியல்கள் வெளிப்பட்டபோதுதான் அந்தக் காயம் மீண்டும் திறந்தது. அதன் விளைவே 1967 பெப்ரவரி 15 திறக்கப்பட்ட சிவிலியன் யுத்த நினைவுச் சின்னம். சுமார் 220 அடி உயரமான நான்கு தூண்கள். சீனர், மலாயர், இந்தியர், ஏனையோர் என்று நான்கு சமூகங்களுக்கும் ஒவ்வொன்று. அடியில் 606 பேழைகளில் எச்சங்கள்.

நடை முடிவடைவது படாங்கிற்கு எதிரே எஸ்பிளனேட் பூங்காவில். ஒரே பூங்காவில் இரண்டு நினைவிடங்கள். ஒன்று லிம் போ செங்கினுடையது. பிரித்தானியரின் 136 ஆவது படைப்பிரிவில் சேர்ந்து ஜப்பானியருக்கு எதிராக மலாயாவுக்குள் இரகசியமாக இறங்கிய அவர், பிடிபட்டு 1944 இல் பத்து காஜா சிறையில் மாண்டார். மற்றையது ஜப்பானியருடன் சேர்ந்து போரிட்ட இந்திய தேசிய இராணுவத்தின் மாண்ட வீரர்களுக்கானது. 1945 ஜூலை 8 அதற்கு அடிக்கல் நாட்டியவர் போஸ். செப்டெம்பரில் திரும்பிவந்த பிரித்தானியர், மவுண்ட்பேட்டனின் உத்தரவின் பேரில் அதைத் தகர்த்தெறிந்தார்கள். யுத்தத்தின் கடைசிக் காலத்தில் எமது பேராதனைப் பூங்காவில் தலைமையகம் அமைத்திருந்தாரே, அதே மவுண்ட்பேட்டன்தான். ஐம்பது வருடங்களுக்குப் பிறகு, 1995 இல், சிங்கப்பூர் அரசாங்கம் அவ்விடத்தில் ஓர் அடையாளப் பலகையை நிறுவியது. இரு பகைத் தரப்பினரையும் அடுத்தடுத்து வைத்து, தீர்ப்பு எதுவும் கூறாமல் விட்டிருக்கிறார்கள். இதனை மழுப்பல் என்பவர்களும் உண்டு. எனக்கு அது நேர்மையாகவே பட்டது.

பெயர்களில் மாத்திரம் அவர்களால் அவ்வாறு பொறுமை காக்க முடியவில்லை. 2017 பெப்ரவரியில் பழைய ஃபோர்ட் தொழிற்சாலையின் காட்சியகம் புதுப்பிக்கப்பட்டு 'சியோனான் கலரி' என்ற பெயருடன் திறக்கப்பட்டது. சியோனான் என்பது ஜப்பானியர் சிங்கப்பூருக்கு இட்ட பெயர். முதியவர்கள் கொதித்தெழுந்தார்கள். ஓரிரு தினங்களுக்குள் அமைச்சர் மன்னிப்புக் கேட்டு அந்தப் பெயரை அகற்றினார்.

நான் சென்ற நடையில் இல்லாத ஓர் இடத்தையும் குறிப்பிட்டாக வேண்டும். கெப்பல் வீதியில் உள்ள தஞ்சோங் பகார் ரயில் நிலையம். 2011 ஜூன் 30 உடன் அங்கு ரயில்கள் நின்றுவிட்டன. யுத்தக் கைதிகளை அரிசி ஏற்றும் இரும்புப் பெட்டிகளில் அடைத்துச் சியாமுக்கு அனுப்பியது சிங்கப்பூரில் இருந்துதான். 415 கிலோமீற்றர் நீளமான சியாம் - பர்மா ரயில் பாதையில் 12,000க்கும் அதிகமான கைதிகள் மடிந்தார்கள். அவர்களுக்குக் காஞ்சனபுரியில் ஒழுங்காகப் பராமரிக்கப்படும் கல்லறைகள் இருக்கின்றன. நாட்குறிப்புகளும் திரைப்படங்களும் இருக்கின்றன. மலாயாவில் இருந்து கொண்டுசெல்லப்பட்ட 70,000க்கும் அதிகமான தொழிலாளர்களில் பெரும்பான்மையினர் தமிழர்கள். றப்பர் ஏற்றுமதி நின்று, தோட்டங்கள் மூடப்பட்டு, அரிசிக்கு வழியின்றி மரவள்ளிக்கிழங்குடன் காலந்தள்ளியவர்கள். முதலில் நல்ல சம்பளம் என்று ஆசை காட்டினார்கள். பிறகு சுற்றிவளைத்துப் பிடித்தார்கள். வாந்திபேதியிலும் பட்டினியிலும் இறந்தவர்களின் சரியான கணக்கை யாரும் வைக்கவில்லை. ரயிலுக்குத் தப்புவதற்காகவே இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்த தோட்டத்து இளைஞர்களும் உண்டு. சில குடும்பங்களில் ஒரு மகன் சீருடையில், மற்றவன் தண்டவாளத்தில்.

பர்மாவில் இருந்து வந்த தண்டவாளமும் சியாமில் இருந்து சென்ற தண்டவாளமும் கொன்கொய்டா என்ற இடத்தில் ஒன்றுசேர்ந்தது 1943 ஒக்டோபர் 17. கத்தே அரங்கில் தற்காலிக அரசாங்கம் பிரகடனம் செய்யப்பட்டது அதற்கு நான்கு நாட்களின் பின்னர்.