புதியவருக்கு நம் வீட்டில் இடம் உண்டா?



திருச்சி சத்திரம் பேருந்து நிலையத்தில் இறங்கினால், மலைக்கோட்டையோடு நம் கண்ணில் படுவது புனித லூர்து அன்னை ஆலயக் கோபுரம். எல்லாச் சமயத்தாரும் வந்து மெழுகுதிரி ஏற்றிச் செல்லும் ஆலயம் அது. அவர்களுள் ஒருவர், "எனக்குத் திருமுழுக்கு வேண்டும்" என்று கேட்டால் நாம் மகிழ்வோமா, சந்தேகிப்போமா?

இக்கேள்வி இவ்வூருக்குப் புதிதல்ல. 1844-இல் நாகப்பட்டினத்தில் இயேசு சபையினர் தொடங்கிய புனித வளனார் கல்லூரி, 1883-இல் திருச்சிக்கு வந்தது. 1890-களில் அங்கு பயின்ற பிராமண மாணவர் சிலர் கத்தோலிக்கராயினர். யாரும் எதிர்பாராத வருகை அது. ஊரில் எதிர்ப்பு எழுந்தது. பெற்ற வீட்டையும் உற்றாரையும் இழந்து வந்தவர்களுக்குக் குடியிருப்பாக, குருக்கள் மேரிஸ் தோப்பை அமைத்துக் கொடுத்தனர்.

இது நன்றிக்குரிய செயல். ஆனால் நம்மைக் கேள்வி கேட்கும் செயலும்கூட. அவர்களுக்கு வீடு கிடைத்தது. அது தனி இடமாக இருந்தது. அதே காலத்தில், தலைமுறை தலைமுறையாகத் திருச்சபையில் இருந்த தலித் மக்களுக்கு, தமிழகத்தின் பல ஆலயங்களில் தனி இடமே ஒதுக்கப்பட்டிருந்தது. வடக்கன்குளம் ஆலயத்திற்குள் இருந்த சாதிச் சுவர் 1910-இல்தான் இடிக்கப்பட்டது. ஏற்றுக்கொள்வது வேறு, ஒன்றாய் அமர்வது வேறு என்று நாம் இருந்துவிட்டோம்.

திருத்தூதர் பணிகள் 9-ஆம் அதிகாரம் வேறு வழி காட்டுகிறது. சவுல் திருச்சபையைத் துன்புறுத்தியவர். அவரிடம் போக அனனியா அஞ்சினார். ஆண்டவரிடம் அதை மறைக்கவும் இல்லை. ஆயினும் போனார். திருமுழுக்குக்கு முன்பே அவரைச் சகோதரர் என்று அழைத்தார். மூன்று நாள் உண்ணாதிருந்த சவுல் உணவருந்தி, தமஸ்குச் சீடர்களோடேயே தங்கினார். எருசலேமில் எல்லாரும் அவரைக் கண்டு அஞ்சியபோது, பர்னபா அவரைத் திருத்தூதர்களிடம் அழைத்துச் சென்று அவருக்காகப் பேசினார். பின்னர் தர்சு நகருக்கே தேடிப்போய் அவரை அந்தியோக்கியாவுக்குக் கூட்டிவந்தார் (திப 11:25-26). ஓர் அனனியாவும் ஒரு பர்னபாவும் இல்லாதிருந்தால், பவுல் எங்கோ தனியே நின்றிருப்பார்.

இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் விருப்பப்படி, 1972-இல் பெரியவர்களுக்கான கிறிஸ்தவப் புகுமுகச் சடங்கு வெளியிடப்பட்டது. அதன்படி, புதியவரைத் தயாரிப்பது குருவின் வேலை மட்டுமன்று. இறைமக்கள் அனைவரின் கடமை. பாஸ்கா திருவிழிப்பில் திருமுழுக்குப் பெற்றவரோடு, பாஸ்கா காலம் முழுவதும் பங்குச் சமூகம் உடன் நடக்க வேண்டும். நாமோ, அன்று மெழுகுதிரி பிடித்துவிட்டு, மறு ஞாயிறு அவர் எங்கே அமர்ந்தார் என்று பார்ப்பதில்லை.

இன்றும் புதியவர் இழந்துவிட்டுத்தான் வருகிறார். சிலருக்கு உறவு போகிறது. கிறிஸ்தவராகும் தலித்துக்கு, 1950-ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணையால் பட்டியலின உரிமையும் போகிறது. இவ்வளவும் இழந்து வருபவரிடம், "என்ன ஆதாயத்துக்காக வந்தார்?" என்று கேட்பது நியாயமா?

எனவே நாம் செய்யக்கூடியவை எளியவையே. அவர் பெயரைக் கேட்போம். நம் அன்பியக் கூட்டத்துக்கு அழைப்போம். அவர் வீட்டு நல்லது கெட்டதில் நிற்போம். நம் வீட்டுப் பந்தியில் அவருக்கு இலை போடுவோம். பழைய வாழ்வைத் தோண்டாதிருப்போம். ஞானப்பெற்றோர், சடங்கு முடிந்த பிறகும் பெற்றோராக இருப்போம்.

திருமுழுக்குத் தண்ணீர் ஒரே நாளில் காய்ந்துவிடும். அதன் பிறகு அவருக்கு உறவாக இருக்கப்போவது நாம்தான். வரும் ஞாயிறு திருப்பலியில், தனியே நிற்கும் ஒரு முகத்தைத் தேடுவோம். அவர் அருகில் போய் அமர்வோம்.