மிஸ் கமலாவை இயக்கியவர்

படப்பைக்கும் ஒரகடத்துக்கும் நடுவே சேரப்பணஞ்சேரியில் குடியிருக்கிறேன். தொழிற்சாலைகளுக்கு மென்பொருள் எழுதுவது என் வேலை. போன வருடம் ஒரு ப்ராஜெக்டில் என்னோடு வேலை பார்த்தவர் ஹெல்சிங்கியில் இருக்கும் ஒரு பின்லாந்துக்காரர். ஸ்ரீபெரும்புதூர் என்ற பெயர் அவருக்குத் தெரிந்திருந்தது. நோக்கியா இங்கே 2006-ல் உற்பத்தியைத் தொடங்கி 2014 நவம்பரில் நிறுத்தியது என்பதால் அங்கே பலருக்கும் இந்த ஊர் பழக்கமாம்.

ஒருநாள் ராத்திரி, சர்வரில் புது வெர்ஷன் ஏறுவதற்காகக் காத்திருந்த நேரத்தில் பேச்சு சினிமா பக்கம் போனது. தங்கள் நாட்டில் முழுநீளப் படம் இயக்கிய முதல் பெண் குளோரி லெப்பானென் என்றார். நாடக நடிகை, ஐனோ ஆக்டே என்ற புகழ்பெற்ற ஓபரா பாடகியின் மகள். 1936-ல் 'ஒன்னென்போட்கு' என்று ஒரே ஒரு படத்தை இயக்கியதோடு சரி, அதன்பின் அவர் வாழ்க்கை மேடையோடுதான். சொல்லிவிட்டு, உங்கள் ஊரில் யார் என்று கேட்டார்.

நான் யோசிக்காமல் பானுமதி என்றேன். 'சண்டிராணி', 1953. தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும் எடுத்த படம் என்று கூடுதல் தகவலும் கொடுத்தேன். அழைப்பு முடிந்ததும் ஒரு சந்தேகம் வந்து தேடிப் பார்த்தேன். என் பதில் 17 வருடம் பிசகியிருந்தது. டி.பி.ராஜலட்சுமி. படம் 'மிஸ் கமலா'. வருடம் 1936. லெப்பானென் படம் எடுத்த அதே வருடம்.

வெட்கமாக இருந்ததற்குக் காரணம், அது எனக்குத் தெரியாத பெயர் இல்லை. போட்டித் தேர்வுக்குப் படித்த எல்லாருக்கும் தெரியும். தமிழின் முதல் பேசும் படம்? காளிதாஸ். அதன் கதாநாயகி? டி.பி.ராஜலட்சுமி. அந்த ஒரு மார்க்கை வாங்கியதும் அடுத்த கேள்விக்குப் போய்விடுகிறோம். அதற்கு மேல் நமக்கு அவரிடம் வேலை இல்லை.

அவர் 1911-ல் திருவையாற்றில் பிறந்தவர். பெயருக்கு முன்னால் இருக்கும் 'டி' அந்த ஊர்தான். விளையாடுகிற வயதில் கல்யாணம், அது நிலைக்கவில்லை. அப்பா இறந்த பிறகு அம்மாவோடு பிழைப்புத் தேடித் திருச்சிக்கு வந்தார். அங்கே சாமண்ணா நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். சங்கரதாஸ் சுவாமிகள் அவரை ஊக்கப்படுத்தியவர்களில் ஒருவர். கௌரவமான வீட்டுப் பெண் மேடையேறக் கூடாது என்று ஊரே சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. பெண் வேஷத்தையும் பெரும்பாலும் ஆண்களே கட்டினார்கள். இவர் மேடையேறினார். நாடகத்துக்கு நடுவில் தேசியப் பாட்டுகளைப் பாடி ஜெயிலுக்கும் போய்வந்தார்.

மௌனப் படங்களில் நடித்த பிறகு காளிதாஸ் வந்தது. இந்தியாவின் முதல் பேசும் படமான 'ஆலம் ஆரா'வைத் தயாரித்த அர்தேஷிர் இரானிதான் இதற்கும் தயாரிப்பாளர். இயக்கம் எச்.எம்.ரெட்டி. படம் பிடித்தது பம்பாயில். 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியானது. கதாநாயகி தமிழில் பேசுவார், கதாநாயகன் பி.ஜி.வெங்கடேசன் தெலுங்கில் பதில் சொல்வார். ஜனங்கள் அதைப் பெரிய குறையாக நினைக்கவில்லை. திரையிலிருந்து நம்ம பாஷை கேட்டதே போதும் என்று இருந்தது. அந்தப் பாஷையைப் பேசிய குரல் ராஜலட்சுமியுடையது. காந்தியின் ராட்டினத்தைப் பற்றிய பாட்டையும் காளிதாசன் கதைக்குள் அவர் பாடினார். 1933-ல் 'வள்ளி திருமணம்' நன்றாக ஓடியது. 'சினிமா ராணி' என்ற பட்டமும் வந்து சேர்ந்தது.

இந்த இடத்தில் அவர் நின்றிருந்தால் கதை எளிது. நட்சத்திரமாக இன்னும் பத்து வருடம் ஓட்டியிருக்கலாம். அவரோ ஏற்கெனவே 'கமலவல்லி' என்று ஒரு நாவல் எழுதி வைத்திருந்தார். அதை 'மிஸ் கமலா' என்ற படமாக எடுத்தார். கதை, தயாரிப்பு, இயக்கம், நாயகி வேஷம் எல்லாமே அவர். அப்போது அவருக்கு வயது 25. அந்த வயதில் நான் யாரோ எழுதிய கோடில் பிழை திருத்திக்கொண்டிருந்தேன்.

இந்தக் காரியத்தின் அளவு புரிய 1936-ஐப் பார்க்க வேண்டும். அதே வருடம் வந்த 'சதிலீலாவதி' எம்.ஜி.ஆரின் முதல் படம் என்பதால் எல்லாருக்கும் தெரியும். அதை இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழ் தெரியாதவர். பேசும் படத்துக்கென்று சென்னையில் ஸ்டூடியோ வந்தே இரண்டு வருடம்தான் ஆகியிருந்தது. அதற்கு முன் தமிழ்ப் படம் எடுக்க பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் ரயிலேற வேண்டும். படங்களில் முக்கால்வாசி புராணக் கதை. இப்படி ஒரு நேரத்தில், தமிழ் தெரிந்த ஒரு பெண், சமகாலக் கதை ஒன்றை, சொந்தப் பொறுப்பில் எடுக்கிறார். இந்தியாவில் அவருக்கு முன் ஃபாத்மா பேகம் மௌனப் படங்களை இயக்கியிருந்தார். தென்னிந்தியாவில் யாரும் இல்லை.

ஆனால் அவர் தனி ஆளும் இல்லை. சென்னையின் அந்த முதல் ஸ்டூடியோவான சீனிவாசா சினிடோனில் ஒலிப்பதிவு செய்தவர் அதை நிறுவிய ஏ.நாராயணனின் மனைவி மீனாட்சி. 1934-ல் 'சீனிவாச கல்யாணம்' படத்துக்கு அவர்தான் ஒலிப்பதிவாளர். இன்ஜினியரிங் படித்த நான் கல்லூரியில் ஒருமுறைகூடக் கேள்விப்படாத பெயர். 1939-ல் நாராயணன் இறந்தார். மீனாட்சியின் தொழில் வாழ்க்கையும் சீக்கிரமே முடிந்துபோனது.

ராஜலட்சுமிக்கும் நீண்ட காலம் கிடைக்கவில்லை. முப்பதுகளின் கடைசியில் 'மதுரை வீரன்' எடுத்தார். 'இந்தியத் தாய்' என்று ஆரம்பித்த படம் பிரிட்டிஷ் தணிக்கையில் சிக்கி, பெயர் மாறி வெளியே வந்தது. நஷ்டம் சொத்தைத் தின்றது. நாற்பதுகளில் திரையில் அரிதாகத்தான் தெரிந்தார். அவர் திறமை வற்றிவிட்டது என்று இதைப் படிக்கத் தேவையில்லை. நடிப்பவருக்கு அடுத்தவர் பணத்தில் அடுத்த வாய்ப்பு வரும். சொந்தப் பணத்தில் படம் எடுப்பவர் ஒருமுறை விழுந்தால், கைதூக்கிவிட ஒரு ஸ்டூடியோவோ பங்காளியோ வேண்டும். டங்கன் போன்றவர்களைத் தயாரிப்பாளர்கள் தேடிப்போய் அழைத்தார்கள். இவர் இயக்கிய படங்களில் தயாரிப்பாளரும் இவரேதான். அவருக்குப் பின் இன்னொரு பெண் தமிழில் படம் இயக்க 1953 ஆனது. நான் சொன்ன அதே 'சண்டிராணி'.

1961-ல் கலைமாமணி விருது கொடுத்தார்கள். 1964 ஆகஸ்டில் இறந்தார். அதே வருடம் பிப்ரவரியில்தான் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியிருந்தது. அதற்குள் முப்பதுகளின் தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் போய்விட்டன. அந்தக் கால நைட்ரேட் ஃபிலிம் சுலபமாகத் தீப்பிடிக்கும், வெயிலில் இளகி மட்கும். ஓடி முடித்த ரீல்களை உருக்கி வெள்ளி எடுத்தவர்களும் உண்டு. 'காளிதாஸ்' இல்லை, 'மிஸ் கமலா'வும் இல்லை. பணக்கார நாடுகள் எல்லாவற்றையும் காப்பாற்றிவிட்டன என்றும் இல்லை. பின்லாந்தில் 1957-லேயே காப்பகம் வந்துவிட்டது. இருந்தும் 1959-ல் ஒரு சினிமா கம்பெனியின் கிடங்கில் பிடித்த தீயில் பழைய படங்கள் பல எரிந்துபோயின.

படம் இல்லாமல் போனால் அதை இயக்கியவரும் இல்லாமல் போகிறார் என்பதுதான் என்னை உறுத்துகிறது. நடிகைக்கு ஒரு போட்டோவாவது மிஞ்சும். ஷாட்டை எங்கே வெட்டினார், யாரை எங்கே நிற்க வைத்தார் என்பது ரீலில் மட்டும் இருக்கும். அதனால்தான் 'முதல் கதாநாயகி' தங்கியது, 'இயக்குநர்' உதிர்ந்தது.

இதை எழுதும்போது எங்கள் கீழ்வீட்டில் இருந்த பெண்கள் ஞாபகம் வருகிறார்கள். ஆறு பேர், வேறு வேறு மாவட்டம், ஒரே கம்பெனி பஸ். அவர்களில் ஒருத்தி கல்யாணம் நிச்சயமாகி ஊருக்குக் கிளம்பும் முன், பயோடேட்டா அடித்துத் தரச் சொல்லி வந்தாள். "மூணு வருஷம் லைன்ல இருந்தேன்ணா. கடைசி ஏழு மாசம் நான்தான் லைன் லீடர், இருபத்திரெண்டு பேரு எனக்குக் கீழ. ஊர்ல கேட்டா கொஞ்ச நாள் கம்பெனிக்குப் போச்சுன்னுதான் சொல்வாங்க" என்று சிரித்தாள்.

பின்லாந்து நண்பருக்கு மறுநாளே சரியான பதிலை அனுப்பியிருந்தேன். எங்கே பார்க்கலாம் என்று கேட்டிருந்தார். பார்க்க முடியாது, பிரதி இல்லை என்று எழுதிவிட்டு, ராஜலட்சுமி அந்தப் படத்தில் செய்த வேலைகளை ஒன்றன்கீழ் ஒன்றாக அடித்தேன். இயக்கத்தை முதலில் போட்டேன், நடிப்பைக் கடைசியில். கீழ்வீட்டுப் பெண்ணின் பயோடேட்டாவிலும் முதல் வரி லைன் லீடர் என்றுதான் இருக்கிறது. "அது ஏழு மாசம்தானேண்ணா" என்றாள். இருக்கட்டும் என்றேன்.